சுவருக்கு அந்தப் பக்கத்து நாதா

என் மனைவி என்னைக் கூப்பிட இரண்டு சொற்கள் வைத்திருந்தாள். சாதாரண நாட்களில் 'இஞ்சாருங்கோ'. நான் ஏதாவது பிழைவிட்ட நாட்களில் 'நாதா'.

இரண்டாவது சொல் ராசா ராணிப் படங்களிலிருந்து வந்தது. நாங்கள் சுவிஸ் வந்து எம்மன்புரூக்கேக்குக் குடிவந்த புதிதில் தமிழ்க் கடையில் பழைய படக் கசெற்றுகளை வாடகைக்கு எடுத்துவந்து சனி, ஞாயிறுகளில் போட்டுப் பார்ப்போம். அந்தப் படங்களில் அரசி தூணைப் பிடித்துக்கொண்டு "நாதா" என்று நீட்டி முழக்குவாள். என் மனைவிக்குச் சிரிப்பு அடங்காது. ஒருநாள் அதை என்மேல் பரீட்சித்துப் பார்த்தாள். "நாதா, குப்பைப் பையைக் கீழ கொண்டுபோய்ப் போடுறீங்களோ, இல்லாட்டி அரசியே இறங்கிப் போகட்டோ?" எனக்கு இந்த நாட்டில் நிரந்தர வதிவிட அனுமதி கிடைப்பதற்கு முன்பே அந்தச் சொல்லுக்கு எங்கள் வீட்டில் கிடைத்துவிட்டது. சமையலறையிலிருந்து 'நாதா' என்று கேட்டால் கையிலிருப்பதை வைத்துவிட்டு எழும்பிவிடுவேன். என்ன குற்றம் என்பது அங்கே போய்ச் சேர்ந்த பிறகுதான் தெரியவரும்.

அவள் போய் இது இரண்டாவது குளிர்காலம். ஆஸ்பத்திரிக் கதையை இங்கே எழுதப் போவதில்லை. எல்லாரும் வந்தார்கள், சமைத்துக் கொண்டுவந்தார்கள், சட்டிகளைக் கழுவி எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

மகள் வின்டர்தூரில் இருக்கிறாள், கணவனோடு. காரியங்கள் முடிந்த கிழமை அவள் என்னிடம், "அப்பா, எங்களோட வந்து இருங்கோ. ஒரு அறை சும்மாதான் கிடக்கு," என்றாள். நான், "வேண்டாம் பிள்ளை, எனக்கென்ன, நான் இஞ்ச நல்லாத்தானே இருக்கிறன்," என்றேன். முதல் முறை கேட்டால் வேறு எப்படிச் சொல்வது? எங்கள் ஆட்கள் பந்தியில் இருக்கும்போது இரண்டாம் தரம் சோறு கொண்டுவந்தால் "காணும், காணும்" என்று இலையைக் கையால் மறைப்பார்கள். பரிமாறுகிறவர் அந்தக் கையைத் தள்ளிவிட்டுப் போடுவார். போடாமல் போனால் அதைப்போல அவமரியாதை வேறில்லை. நானும் கையால் மறைத்தேன். ஆனால் மகள் இங்கே பிறந்து இங்கே படித்தவள். இந்த ஊரில் வேண்டாம் என்றால் வேண்டாம்தான். அவள் என் விருப்பத்தை மதித்து, பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை.

இன்னொரு தரம் கேட்பாள் என்று நான் காத்திருந்தேன். ஞாயிறு மத்தியானங்களில் தொலைபேசி எடுப்பாள். "என்னப்பா செய்யிறீங்கள்?" "ஒண்டுமில்லை, சும்மா இருக்கிறன்." "ஏதும் வேணுமோ?" "ஒண்டும் வேண்டாம்." "சரி அப்பா, வைக்கட்டோ?" இவ்வளவுதான் எங்கள் உரையாடல். வைத்த பிறகு வீடு முந்தியதைவிடச் சத்தமில்லாமல் இருக்கும். நானாக வாய் திறந்து கேட்கலாம். ஆனால் வீம்பு என்று ஒன்று இருக்கிறதே, அது என்னோடு கூடப்பிறந்தது.

தொழிற்சாலையில் எனக்குக் காலை முறை வேலை. இருட்டோடு போய் மத்தியானம் திரும்புவேன். மாசி மாதத்தில் ஒருநாள், வெளியே பனிமூட்டம் யன்னல்வரை வந்து நின்ற பின்னேரம், தேத்தண்ணி ஊற்றிக்கொண்டிருந்தேன். அப்போது என் பின்னாலிருந்து ஒரு குரல், "நாதா" என்றது.

கேத்திலை வைத்துவிட்டு எழும்பிவிட்டேன் என்று எழுத வந்தது. நான் உட்கார்ந்திருக்கவே இல்லை, நின்றுகொண்டுதான் இருந்தேன். ஆனால் உடம்பு அப்படித்தான் உணர்ந்தது, எழும்பு, என்ன பிழைவிட்டாய் என்று பார். பிறகுதான் அது ஆண் குரல் என்பதும், சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து வந்தது என்பதும் மண்டையில் ஏறின.

எங்கள் கட்டிடத்துச் சுவர்கள் மகா மெல்லியவை. பக்கத்து வீட்டுக்காரர் தும்மினால் இந்தப் பக்கம் நான் மூக்கைத் துடைக்கலாம். அந்த வீடு நெடுநாள் வெறுமையாகக் கிடந்து, இலையுதிர் காலத்தில்தான் ஒரு வயதான அம்மா தனியாகக் குடிவந்திருந்தார். கீழே உடுப்புத் தோய்க்கும் அறையில் இரண்டு மூன்று தரம் கண்டு தலையாட்டியிருக்கிறோம். நான் அவரை இத்தாலிக்காரி என்று நினைத்திருந்தேன்.

காதைச் சுவரில் வைத்துக் கேட்டேன். ஒரு தடித்த குரல் ஏதோ கத்திக் கேட்டது. மெல்லிய குரல், "நாதா" என்றது. பெரிய கூட்டம் சிரித்தது. கொஞ்சம் பொறுத்து ஒரு பெண் குரல் கத்தியது. மெல்லிய குரல் மறுபடியும், "நாதா". அதற்கு மேல் என்னால் நிற்க முடியவில்லை. சப்பாத்தைக்கூடச் சரியாகப் போடாமல் போய் மணியை அடித்தேன்.

கதவைத் திறந்த அம்மா என் முகத்தைப் பார்த்ததும் பயந்துபோனார். இந்த நாட்டில் பக்கத்து வீட்டுக்காரர் மணியடித்தால் அது முறைப்பாடு. அவருடைய ஜேர்மன் மொழி என்னுடையதைப்போலவே நொண்டும். "சத்தம் கூட? காது போச்சு எனக்கு. குறைக்கிறன், உடனே குறைக்கிறன்," என்றார்.

"இல்லை," என்றேன். "குறைக்க வேண்டாம். கூட்டினால் நல்லது."

அந்த அம்மா என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு கதவை அகலத் திறந்தார். "வா. படம். காப்பி இருக்கு."

அப்படித்தான் நான் அந்த மெல்லிய குரலுக்குரிய நடிகரைச் சந்தித்தேன். கறுப்பு வெள்ளைத் திரையில் ஒரு குள்ள மனிதர். கணுக்கால் தெரியும் காற்சட்டை, பெரிய காதுகள், தலையில் ஒரு சப்பளிந்த தொப்பி. உணவுக்கடைப் பரிசாரகர் வேடம். கைநிறையக் கோப்பைகளை அடுக்கிக்கொண்டு வருகிறார், அத்தனையையும் போட்டு உடைக்கிறார். உள்ளேயிருந்து முதலாளி ஓடிவந்து கத்துகிறார். அவர் அவசரப்படவில்லை. கைகளைக் காற்சட்டையில் துடைத்தார், தொப்பியை நேராக்கினார், முதலாளியை நிமிர்ந்து பார்த்து, "நாதா" என்றார்.

எனக்கு விளங்கிவிட்டது. எசமானே என்கிறார். எங்கள் அரசி தூணைப் பிடித்துச் சொன்னதைப்போல இவர் முதலாளிக்குச் சொல்கிறார். வடமொழி எங்கெங்கோ போயிருக்கிறது என்று கேள்விப்பட்டிருக்கிறேன், இந்தப் படம் எடுத்த நாடுவரைக்கும் போயிருக்கிறது போலும் என்று எனக்குள் மெச்சிக்கொண்டேன். கேட்டிருந்தால் அந்த அம்மா சொல்லியிருப்பார். நான் கேட்கவில்லை. எனக்குத் தெரிந்த சொல்லுக்கு எதற்காக அர்த்தம் கேட்க வேண்டும்?

அம்மா மெக்சிக்கோ நகரத்துக்காரி. அங்கே வேலைக்கு வந்த லுசேர்ன் பொறியியலாளர் ஒருவரைக் கட்டிக்கொண்டு வந்தவர். அவரும் போய்விட்டார். மகன் அனுப்பிவைத்த கணினிப் பெட்டி ஒன்றில் பழைய மெக்சிக்கோப் படங்கள் முழுக்கக் கிடந்தன. பின்னேரங்களில் நான் வேலையால் வந்து, குளித்து, ஒரு தட்டில் வடையோ கடலையோ எடுத்துக்கொண்டு அந்தப் பக்கம் போவேன். அம்மா உறைப்பைக் கண்டு அஞ்சவில்லை. இந்த நாட்டில் என் கடலைக்கு, "இன்னும் கொஞ்சம் மிளகாய்," என்று சொன்ன முதல் ஆள் அவர்தான்.

படம் ஓட ஓட நடிகரின் கதையை அவர் துண்டு துண்டாகச் சொன்னார். அந்த மனிதர் நடிக்க வந்தவரே இல்லையாம். ஊரூராகப் போய்க் கூடாரம் அடித்து ஆட்டமும் பகிடியும் காட்டுகிற ஒரு குழுவில் சனம் உட்காருகிற வாங்குகளைத் தூக்கிப் போடுகிறவராகச் சேர்ந்தாராம். ஒருநாள் ஆட்டம் நடக்கும்போது கயிறு ஒன்றை மாறி அவிழ்த்துவிட்டார். திரை, விளக்கு, பாடிக்கொண்டிருந்த பெண், எல்லாம் ஒன்றாகக் கீழே. குழுவின் உரிமையாளர் வெளியிலிருந்து என்ன நடந்தது என்று கத்தினார். கிழிந்த திரையின் ஓட்டைக்குள்ளால் தலையை நீட்டி இவர் அந்தச் சொல்லைச் சொன்னார். கூடாரம் வெடித்துச் சிரித்தது. அதன்பிறகு ஒவ்வோர் ஆட்டத்திலும் திரையை விழுத்த வேண்டும் என்பது அவருக்கு வேலையாகிவிட்டது.

கூடாரத்திலிருந்து சினிமா. சாரதி, சிகையலங்காரக்காரர், புதைகுழி வெட்டுகிறவர், மணப்பெண் ஓடிப்போன மாப்பிள்ளை. பெரிய தொப்பியும் மீசையும் வைத்த கதாநாயகன் யன்னலுக்குக் கீழே நின்று பாடுவான், இவர் கதாநாயகனின் குதிரையைப் பிடித்துக்கொண்டு நிற்பார். பாட்டு முடிவதற்குள் குதிரை ஓடிவிடும். சில படங்களில் அவரே நாயகர். அவற்றில் ஒன்று, ஒரு முற்றத்தைச் சுற்றிப் பத்துக் குடும்பம் இருக்கிற வீட்டில், ஒரேயொரு தண்ணீர்க் குழாய்க்கு நடக்கும் சண்டை. எங்கள் கட்டிடத்துத் தோய்க்கும் அறைச் சண்டைக்கும் அதற்கும் வித்தியாசமில்லை, அங்கே கத்துகிறார்கள், இங்கே கடதாசித் துண்டு எழுதி ஒட்டுகிறார்கள். அந்தப் படத்தில் அவர் குழாயைப் பிடுங்கிவிடுகிறார். முற்றம் முழுக்கத் தண்ணீர். அத்தனை பேரும் அவரைச் சூழ்ந்து கத்துகிறார்கள். கை துடைத்தல், தொப்பி, "நாதா".

அந்த இடத்தில் நான் சிரித்துவிட்டேன். மனைவி போன பிறகு வாய்விட்டுச் சிரித்தது அன்றுதான். என் சத்தம் எனக்கே அந்நியமாகக் கேட்டது.

அந்த நடிகர் தன் மனைவியை அடக்கம் செய்த நாளைப் பற்றியும் அம்மா சொன்னார். அம்மாவின் மாமி ஒருத்தி அதே தெருவில் இருந்தவளாம். சவக்காலை வாசலில் யாரோ ஒருவர், அவரைக் கண்ட பழக்கத்தில், என்ன நடந்தது என்று கேட்டுவிட்டார். இவரும் பழக்கத்தில் அந்தச் சொல்லைச் சொல்லிவிட்டார். சுற்றி நின்றவர்கள் சிரிப்பை அடக்க முடியாமல் உதட்டைக் கடித்துக்கொண்டு நிலத்தைப் பார்த்தார்களாம். நான் தலையாட்டிக் கேட்டேன். சாவீட்டில் ஒருவர் மரியாதையாக ஐயா என்று சொன்னால் அதில் என்ன சிரிப்பு என்று விளங்கவில்லை. அவர்கள் ஊர் வழக்கம் அப்படியாக்கும் என்று விட்டுவிட்டேன்.

பங்குனி மாதமளவில் அம்மாவின் மகன் வந்திருந்தார். ஷாஃப்ஹவுசனில் நல்ல உத்தியோகத்தில் இருப்பவர், நல்ல உயரம், சுவிஸ்காரர் போலவே இருந்தார். தாயின் தொலைக்காட்சிச் சத்தம் உங்களுக்குத் தொந்தரவோ என்று ஜேர்மனில் என்னைக் கேட்டார். அம்மாவின் மகனல்லவா, அவருடைய மொழியிலேயே ஒரு மரியாதை வைப்போம் என்று நினைத்து, கையை நெஞ்சில் வைத்து, "நாதா" என்றேன். அவருக்கு முகமெல்லாம் மலர்ச்சி. என் கையைப் பிடித்துக் குலுக்கி ஸ்பானிய மொழியில் மளமளவென்று ஏதோ கதைத்தார். அம்மா சமையலறையில் நின்று கண்ணில் நீர் வரச் சிரித்தார். என் மரியாதை அவர்களுக்கு நன்றாகப் பிடித்துவிட்டது என்று நான் வீட்டுக்கு வந்தும் பெருமைப்பட்டேன்.

கடைசியாகப் பார்த்தது அந்த நடிகருடைய கடைசிப் படம். வர்ணப் படம். அதற்கு முன்னே அவருக்கு இறங்குகாலம் வந்துவிட்டதாம். முகமூடி போட்ட மல்யுத்தக்காரர்களின் படங்களில் அவர்களுடைய பையைத் தூக்கிக்கொண்டு ஓடினார். தொலைக்காட்சியில் பிள்ளைகள் நிகழ்ச்சி ஒன்றில் முகத்தில் கேக் வாங்கினார். கடைசிப் படத்தில் அவர் புகையிரத நிலையத்தில் மூட்டை தூக்கும் கிழவர். எல்லாரும் ஏறிப் போய்விடுகிறார்கள். வெறும் மேடையில் யாரோ விட்டுப்போன ஒரு பெட்டியில் உட்கார்ந்திருக்கிறார். சின்னப் பெண் ஒருத்தி பக்கத்தில் வந்து தாழ்ந்த குரலில் ஏதோ கேட்கிறாள். அவர் கைகளைத் துடைக்கிறார். தொப்பியைத் தொடுகிறார், ஆனால் நேராக்கவில்லை. "நாதா" என்கிறார். இந்தத் தரம் எதுவுமே உடைந்திருக்கவில்லை.

"கொட்டகை சிரிச்சது," என்றார் அம்மா. "எல்லாரும். நானும். பழக்கம்." பிறகு எழும்பித் தொலைக்காட்சியை அணைத்தார்.

எனக்கு ஒரு குழப்பம் மட்டும் மிஞ்சியது. அந்தச் சின்னப் பெண்ணை ஏன் எசமானே என்று கூப்பிட்டார்? கிழவருக்கு மூளை தளம்பிவிட்டது என்று காட்டுகிறார்கள் போலும் என்று நினைத்துக்கொண்டேன்.

அதற்குப் பிறகு அதிக நாள் இல்லை. வேலையால் வந்தபோது படிக்கட்டில் மட்டைப் பெட்டிகள் அடுக்கியிருந்தன. அம்மாவின் கதவு திறந்து கிடந்தது. சுவரில் படங்கள் இருந்த இடமெல்லாம் வெள்ளையாய் இருந்தது. தொலைக்காட்சியைக் கழற்றி வயரைச் சுற்றிக் கட்டியிருந்தார்கள். நடுவில், மீதமிருந்த ஒரேயொரு கதிரையில் அம்மா மேலங்கியும் போட்டுக்கொண்டு இருந்தார். மகன் கீழே வாகனத்தில் சாமான் ஏற்றிக்கொண்டு நின்றார்.

"என்ன? என்ன நடந்தது?" என்று கேட்டேன்.

அம்மா இரண்டு கைகளையும் மேலங்கியில் துடைத்தார். தலையில் இல்லாத தொப்பியை நேராக்கினார். "நாதா," என்றார்.

நான் சிரிக்காமல் நின்றதைப் பார்த்து, எனக்கு விளங்கவில்லை என்று நினைத்தாராக்கும். இந்த ஊர்ப் பேச்சு ஜேர்மனில் திருப்பிச் சொன்னார். "நூட். நாதா, அதுதான் நூட்."

நூட் எனக்குத் தெரியும். தொழிற்சாலையில் சேர்ந்த கிழமையிலேயே படித்த சொல். பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று கேட்டால், நூட். கையில் என்ன காயம் என்று கேட்டால், நூட். ஒன்றுமில்லை.

மகன் தன் ஊரிலே ஒரு முதியோர் இல்லத்தில் இடம் எடுத்திருக்கிறார், நல்ல இடமாம், யன்னலால் ஆறு தெரியுமாம். அம்மா அதையும் சொன்னார். கதிரையை எனக்கு விட்டுப் போனார். படிக்கட்டில் இறங்கும்போது மகன் அவருடைய முழங்கையைப் பிடித்துக்கொண்டார். நான் மேலே நின்று பார்த்தேன்.

அன்று பின்னேரம் அந்தக் கதிரையை என் சமையலறைச் சுவரோடு போட்டு உட்கார்ந்தேன். படங்கள் எல்லாம் ஒவ்வொன்றாகத் திரும்பி வந்தன, வேறு அர்த்தத்தோடு. கோப்பை முழுதும் உடைந்து கிடக்கிறது, என்ன நடந்தது என்கிறார்கள், அவர் ஒன்றுமில்லை என்கிறார். திரை விழுந்துவிட்டது, ஒன்றுமில்லை. முற்றம் வெள்ளத்தில் மிதக்கிறது, ஒன்றுமில்லை. அந்த மனிதரின் முழுத் தொழிலும் அந்த ஒரு பொய்தான். அதை ஒருவர்கூட நம்பவில்லை, அதனால்தான் சிரித்தார்கள். சவக்காலை வாசலில்கூட நம்பவில்லை.

நானும் அதே சொல்லைத்தான் ஞாயிற்றுக்கிழமைகளில் சொல்லிக்கொண்டிருக்கிறேன். ஆனால் நான் சொன்னால் நம்புகிறார்கள். எனக்கு அழுகை வந்தது. மனைவி இருந்திருந்தால் நம்பியிருக்க மாட்டாள். முகத்தை ஒருதரம் பார்த்துவிட்டு, "நாதா, என்ன ஒளிக்கிறீங்கள்?" என்று கேட்டிருப்பாள். நான் ஒன்றுமில்லை என்று சொன்னால் அதைப் பொய் என்று கண்டுபிடிக்கக்கூடிய ஒரே ஆள் அவள். அவள் போனதோடு என் பொய்யெல்லாம் உண்மையாகிவிட்டது.

அடுத்த ஞாயிறு மகள் எடுத்தாள். நான் அதே கதிரையில் இருந்தேன். சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு சத்தமும் இல்லை.

"என்னப்பா செய்யிறீங்கள்?"

"ஒண்டுமில்லை, சும்மா இருக்கிறன்."

"குரல் ஒரு மாதிரிக் கிடக்கு. தடிமனோ?"

"சீச்சீ. ஒண்டுமில்லை."

"ஏதும் வேணுமோ?"

"ஒண்டும் வேண்டாம்."

"சரி அப்பா. அப்ப வைக்கட்டோ?"

நான் என் கையைப் பார்த்தேன். அது காற்சட்டையில் துடைத்துக்கொண்டிருந்தது.

"வையாதை பிள்ளை," என்றேன். "ஒரு விசயம். நான் ஒண்டுமில்லை எண்டு சொன்னா நீ நம்பாதை."

அவள் சிரித்தாள். தாயின் சிரிப்பு அப்படியே அவளுக்கு வாய்த்திருக்கிறது. பகிடி விடுகிறேன் என்று நினைத்துவிட்டாள். நான் சிரிக்காமல் இருந்தேன். கொஞ்சம் பொறுத்து அந்தப் பக்கமும் சிரிப்பு நின்றது.

"அண்டைக்கு அந்த அறையைப் பற்றிக் கேட்டனி," என்றேன். "வேண்டாம் எண்டனான். அதையும் நம்பாதை."

கதவொன்று சாத்தும் சத்தம் கேட்டது, வேறு அறைக்குள் போகிறாள் போலும். பிறகு, சின்னப் பிள்ளையாக இருந்தபோது கதைப்பதைப்போல, மெல்லக் கேட்டாள்.

"அப்ப நான் இன்னொருக்காக் கேக்கட்டோ, அப்பா?"

"கேள்," என்றேன்.